டைக்கிரி, 1898: கரைக்கு நீந்திய கோவேறு கழுதைகளும் டாம்பாவில் நின்றுபோன குதிரைகளும்

எதற்காக இதை எழுதுகிறேன்

சில வருடங்களுக்கு முன் ஆவணப்படம் பற்றிய ஒரு சின்ன வகுப்பில், பழைய போர்ப் படத்துக்கு உதாரணமாக ஒரு துண்டைப் போட்டுக் காட்டினேன். காலாட்படை சுடுகிறது, முட்டி போடுகிறது, எழுந்து முன்னேறுகிறது. பின்னாலேயே குதிரைவீரர்கள் கைத்துப்பாக்கியால் சுட்டபடி பாய்ந்து போகிறார்கள். "1898, கியூபா, எல் கேனே சண்டை. குதிரையில் வருவது ரஃப் ரைடர்ஸ், அமெரிக்கத் தன்னார்வக் குதிரைப்படை" என்று ரொம்ப நம்பிக்கையாகச் சொன்னேன். பின்வரிசையிலிருந்து ஒரு மாணவர், "சார், அவங்ககிட்ட குதிரையே இல்லையே, கப்பல்ல எடம் இல்லைன்னு விட்டுட்டுப் போனாங்கன்னு படிச்சேன்" என்றார். ஏதோ சொல்லிச் சமாளித்துவிட்டு வீட்டுக்கு வந்து தேடினால், அவர் சொன்னதுதான் சரி. நான் காட்டியது 1899-இல் நியூ ஜெர்சியில் எடுத்த நடிப்பு.

அன்றைக்குத் தேட ஆரம்பித்தது, படத்திலிருந்து குதிரைக்கும் குதிரையிலிருந்து கப்பலுக்கும் போய், கடைசியில் ஒரே நாளில் ஒரே கடற்கரையில், கியூபாவின் டைக்கிரியில், வந்து நின்றது. தளபதிகளின் பெயர் எல்லாப் புத்தகத்திலும் இருக்கிறது, இங்கேயும் சில வரும். ஆனால் காரியத்தை நடத்தியவர்கள் பெயர் தெரியாதவர்கள்தான்: வாடகைக் கப்பல்களின் கேப்டன்கள், பொதி ஏற்றிய கூலியாட்கள், விலங்குகளைத் தண்ணீரில் தள்ளிய சிப்பாய்கள், கரையில் நின்று கொம்பு ஊதிய ஒருவர்.

பின்னணி: டாம்பா, மே மாதம்

1898 பிப்ரவரி 15 இரவு ஹவானா துறைமுகத்தில் மெய்ன் என்ற அமெரிக்கப் போர்க்கப்பல் வெடித்து மூழ்கியது. ஏப்ரல் கடைசியில் ஸ்பெயினோடு போர். கியூபாவுக்குப் போக வேண்டிய ஐந்தாவது படைப்பிரிவு, மேஜர் ஜெனரல் வில்லியம் ஷாஃப்டர் தலைமையில் ஃப்ளோரிடாவின் டாம்பாவில் கூடியது. ஊரிலிருந்து துறைமுகம் 15 கிலோமீட்டர் வாக்கில் தள்ளி, நடுவில் ஒற்றைத் தண்டவாளம். சரக்குப் பெட்டிகள் வந்து குவிந்தன, ஆனால் எந்தப் பெட்டியில் என்ன இருக்கிறது என்று எழுதிய சீட்டு கூட வரவில்லை. சேணம் எதில், துப்பாக்கி எதில், பன்றி இறைச்சி எதில் என்று தெரியாமல் அதிகாரிகள் ஒவ்வொரு பெட்டியாக உடைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். குழப்பம் எங்கே தொடங்கியது என்று கேட்டால் நான் கியூபாவைக் காட்ட மாட்டேன், இந்தச் சீட்டில்லாத பெட்டிகளைத்தான் காட்டுவேன்.

ரஃப் ரைடர்ஸ் என்று பெயரெடுத்த முதலாம் தன்னார்வக் குதிரைப்படை டெக்சாஸின் சான் அன்டோனியோவில் பயிற்சி முடித்து, குதிரைகளோடு நான்கு நாள் ரயிலில் வந்து இறங்கியது. லியோனார்ட் வுட் தலைவர், பின்னாளில் அமெரிக்க ஜனாதிபதியான தியடோர் ரூஸ்வெல்ட் அவருக்கு அடுத்தவர். குதிரையைத் தெரிந்தவர்கள் என்பதற்காகவே சேர்க்கப்பட்ட மாட்டுப்பண்ணை ஆட்கள் இதில் நிறைய. படையின் பெயரே சவாரியை வைத்துத்தான்.

இதே நேரத்தில் எடிசன் கம்பெனிக்காக வில்லியம் பேலி என்ற படப்பிடிப்பாளர் இந்தப் பக்கம் வந்திருந்தார். நகரும் படம் திரையில் விழ ஆரம்பித்து மூன்று வருடம்கூட ஆகவில்லை. போர் வந்ததும் வியாபாரம் சூடுபிடித்தது. எடிசன் கம்பெனி மே மாதத்திலேயே போர்ப் படங்களுக்கென்று தனி விலைப்பட்டியல் போட்டது. காலாட்படை ரயிலிலிருந்து இறங்குவது, ஒன்பதாம் குதிரைப்படை தன் குதிரைகளுக்குத் தண்ணீர் காட்டுவது, இப்படி அரை நிமிடம், ஒரு நிமிடத் துண்டுகள். ஒன்பதாம், பத்தாம் குதிரைப்படைகள் கறுப்பின வீரர்களின் படைகள், இந்தக் கதையில் இவர்கள் மறுபடி வருவார்கள்.

முதல் முடிவு: யார் ஏறுவது, எது நிற்பது

ஜூன் முதல் வாரத்தில் கணக்குப் போட்டுப் பார்த்தபோது கப்பல் போதவில்லை. கிடைத்ததெல்லாம் கடலோரச் சரக்குக் கப்பல்கள், வாடகைக்கு எடுத்தவை. உள்ளே பலகை அடித்து மனிதனுக்குப் படுக்கை செய்துவிடலாம். குதிரைக்கு அப்படி முடியாது. அதற்குத் தனித் தடுப்பு வேண்டும், வைக்கோல் வேண்டும், வெயில் காலத்தில் நாளொன்றுக்கு 30, 40 லிட்டர் தண்ணீர் வேண்டும், காற்று வேண்டும். ஒரு குதிரை நிற்கிற இடத்தில் பல சிப்பாய்களைப் படுக்க வைக்கலாம்.

ஆகவே குதிரைப்படைகள் குதிரை இல்லாமல் போவது என்று முடிவானது. இரண்டாம் குதிரைப்படையின் ஒரு பகுதிக்கு மட்டும் விதிவிலக்கு. அதிகாரிகளின் சொந்தக் குதிரைகள், பீரங்கி இழுப்பவை, வண்டிக்கும் பொதிக்குமான கோவேறு கழுதைகள் ஏறலாம். மொத்தம் 2,295 விலங்குகள் என்று ராணுவக் கணக்கு, அதில் குதிரை 959, மீதி கோவேறு கழுதை. மனிதர்கள் ஏறத்தாழ 17,000.

ரஃப் ரைடர்ஸில் பன்னிரண்டு அணிகளில் எட்டுக்குத்தான் கப்பலில் இடம். நான்கு அணிகள் டாம்பாவிலேயே நின்று எல்லாருடைய குதிரைகளையும் பார்த்துக்கொள்ள வேண்டும். போருக்குப் போகிறோம் என்று கிளம்பி வந்தவர்களுக்குக் கடைசியில் கிடைத்தது லாயம் கழுவுகிற வேலை. போனவர்களுக்கும் பெருமைப்பட ஒன்றுமில்லை, நடந்தே போகிற குதிரைப்படை என்ற கேலி ஒட்டிக்கொண்டது.

இந்த முடிவைப் பலர் திட்டியிருக்கிறார்கள். எனக்கு இது சரியான முடிவாகத்தான் படுகிறது. கியூபாவின் அந்தப் பகுதி புதரும் காடும் ஒற்றையடிப் பாதையும், குதிரைப்படை விரிந்து பாய அங்கே இடமில்லை. குதிரையை விட்டுவிட்டுக் கழுதையை ஏற்றியவர் யாரோ கொஞ்சம் யோசித்திருக்கிறார். தவறு வேறு இடத்தில் இருந்தது. ஏற்றுவதைப் பற்றி இவ்வளவு கணக்குப் போட்டவர்கள், இறக்குவதைப் பற்றி ஏறக்குறைய எதுவுமே யோசிக்கவில்லை.

ஆறு நாள் சும்மா நின்றது

ஜூன் 8 அன்று கப்பல்கள் கிளம்பத் தயாரானபோது ஸ்பானியக் கப்பல்கள் தென்பட்டதாகத் தகவல் வந்து பயணம் நிறுத்தப்பட்டது. அப்புறம்தான் தெரிந்தது, தென்பட்டது எதிரியே இல்லை. ஆனால் அதை உறுதி செய்யக் கிட்டத்தட்ட ஒரு வாரம் போனது. ஃப்ளோரிடாவின் ஜூன் வெயிலில் இரும்புக் கப்பல்கள் விரிகுடாவில் அசையாமல் நின்றன. கிளம்பியது ஜூன் 14. கியூபாவின் சாண்டியாகோ துறைமுகத்துக்கு வெளியே போய்ச் சேர்ந்தது 20. முதல் தடவை தயாரானதிலிருந்து எண்ணினால் பன்னிரண்டு நாள்.

குதிரை நின்றுகொண்டே தூங்கும் என்பது சரிதான், ஆனால் ஆடுகிற தரையில் நிற்க அதற்கு ஒவ்வொரு தசையும் வேலை செய்தாக வேண்டும். வாந்தி எடுக்கிற வசதியும் அதன் உடம்பில் இல்லை, வயிற்றில் கோளாறு வந்தால் உள்ளேயே சுருண்டு வலிக்கும். டைக்கிரியில் கடலில் தள்ளப்பட்டவை தெம்பான விலங்குகள் இல்லை என்பதை மனதில் வைத்துக்கொண்டு அடுத்த பகுதியைப் படிக்க வேண்டும்.

ஜூன் 22: கரையில் என்ன நடந்தது

டைக்கிரி சாண்டியாகோவுக்கு 25 கிலோமீட்டர் வாக்கில் கிழக்கே இருக்கும் சின்னக் கடற்கரை. இரும்புத் தாது ஏற்ற ஒரு சுரங்கக் கம்பெனி கட்டிய உயரமான இரும்புப் பாலம் ஒன்று இருந்தது, படகிலிருந்து அதில் ஏற முடியாது. சின்ன மரத்துறை ஒன்று இருந்தது, அலையில் படகு அதோடு மோதும். ஸ்பானியர்கள் ஏற்கெனவே இடத்தைக் காலி செய்திருந்தார்கள், கடற்படை குண்டு போட்ட பிறகு எதிர்ப்பே இல்லாமல் இறங்க முடிந்தது. எதிர்த்தது கடல் மட்டும்தான்.

வாடகைக் கப்பல்களின் கேப்டன்கள் கரைக்குக் கிட்டே வர மறுத்தார்கள். கப்பல் முதலாளியுடையது, ஒப்பந்தம் சரக்கு ஏற்றிப் போவதற்கு, பாறையில் மோதினால் யார் பொறுப்பு? அவர்கள் பக்கத்திலிருந்து பார்த்தால் நியாயம்தான். ராணுவத்திடம் அவர்களுக்குக் கட்டளையிடும் அதிகாரம் தெளிவாக இல்லை. கனமான பொருளையும் விலங்கையும் கரைக்குக் கொண்டுபோகிற மிதவைகள் போதுமான அளவுக்கு இல்லை. கடற்படை தன் படகுகளையும் நீராவிப் படகுகளையும் கொடுத்ததால் மனிதர்களாவது இறங்கினார்கள், முதல் நாளில் ஏறத்தாழ 6,000 பேர். மரத்துறையில் ஏறும்போது பத்தாம் குதிரைப்படை வீரர்கள் இருவர் தண்ணீரில் விழுந்து, முதுகுச் சுமை இழுக்க, மூழ்கிப் போனார்கள்.

(இதைப் படிக்கும்போது பழைய மதராஸ் ஞாபகம் வந்தது. துறைமுகம் கட்டுவதற்கு முன் அங்கேயும் கப்பல் தள்ளித்தான் நிற்கும். ஆனால் அந்த அலைக்கென்றே கயிற்றால் தைத்த மசூலாப் படகும் அதை ஓட்டத் தெரிந்த ஆட்களும் இருந்தார்கள். டைக்கிரியில் அலை இருந்தது, மசூலா இல்லை.)

விலங்குகளுக்குப் படகு கிடையாது. அதனால் எடுத்த முடிவு எளிமையானது: கடலில் தள்ளிவிடு, நீந்தி வரட்டும்.

கப்பலின் பக்கவாட்டுக் கதவைத் திறந்தால் உள்ளே இருட்டு, வெளியே கண் கூசும் வெளிச்சம். பல நாள் இருட்டில் நின்ற குதிரை வாசலில் முன்னங்காலை ஊன்றிக்கொள்ளும். பின்னாலிருந்து நான்கு பேர் தள்ளுவார்கள். விழுந்ததும் முதலில் ஒன்றுமே தெரியாது, அப்புறம் மூக்கு, காது, கண் என்று வரிசையாக மேலே வரும். குதிரைக்கு நீந்தத் தெரியும், யாரும் சொல்லித்தர வேண்டாம். ஆனால் நீந்துகிற குதிரையின் கண் தண்ணீர் மட்டத்துக்கு ஓர் அடிக்குள்தான் இருக்கிறது. அலை எழுந்தால் கரை மறைந்துவிடும். எந்தப் பக்கம் திரும்பி விழுந்ததோ அந்தப் பக்கமே நீந்தும். சில கடலை நோக்கியே நீந்திப் போய்த் திரும்பவில்லை.

கரையிலிருந்த ஒருவர் இதைப் பார்த்துக் கொம்பை எடுத்துப் பயிற்சியில் ஊதுகிற திரும்பும் அழைப்பை ஊதினார், கடலுக்குப் போய்க்கொண்டிருந்த குதிரைகள் தலையைத் திருப்பிக் கரைக்கு வந்தன என்று ஒரு விவரிப்பு உண்டு. அப்படியே நடந்ததோ கொஞ்சம் அழகுபடுத்தியதோ, மேலே சொன்ன கண் மட்டக் கணக்கை வைத்துப் பார்த்தால் பொருந்துகிறது. பார்க்க முடியாத விலங்குக்குக் கேட்க முடியும்.

ரூஸ்வெல்ட் இரண்டு குதிரை கொண்டுவந்திருந்தார். அடுத்த வருடம் வெளியிட்ட தன் நூலில் இதை இரண்டு மூன்று வரியில் முடித்துவிடுகிறார்: வேறொரு கப்பலிலிருந்து குதிரைகளைக் கடலில் எறிந்து, முடிந்தால் நீந்தி வரட்டும் என்று விட்டார்கள், வுட்டின் இரண்டும் பிழைத்தன, என்னுடையதில் ஒன்று மூழ்கியது, இன்னொன்றான சின்ன டெக்சாஸ் கரை சேர்ந்தது. அவ்வளவுதான். மற்றபடி வார்த்தைக்குப் பஞ்சமில்லாத மனிதர் அவர்.

கேமரா எங்கே நின்றது

டைக்கிரியில் பேலி எடுத்த துண்டுகளில் ஒன்றின் பெயர் "கியூபாவின் டைக்கிரியில் கோவேறு கழுதைகள் கரைக்கு நீந்துதல்". எடிசன் கம்பெனி இதை ஆகஸ்டில் பதிப்புரிமைக்குப் பதிந்தது. பெயரில் என்ன இருக்கிறதோ அதுதான் படத்திலும். குதிரை மூழ்கவில்லை, கப்பல் கதவு இல்லை, கேப்டன் இல்லை. தண்ணீரிலிருந்து விலங்குகள் கரைக்கு வருகின்றன.

இதைப் பார்த்துவிட்டு "நல்ல பக்கத்தை மட்டும் காட்டியிருக்கிறார்கள்" என்று சொல்லத் தோன்றும். நானும் முதலில் அப்படித்தான் நினைத்தேன். அப்புறம் அந்தக் கருவியை வைத்து யோசித்துப் பார்த்தேன். முக்காலியில் நிற்கும் பெட்டி, கையால் சுற்ற வேண்டும். தூரத்தைக் கிட்டே இழுக்கிற லென்ஸ் கிடையாது, அலையாடும் படகில் வைத்தால் படம் ஆடும், ஆகவே கரை மணலில்தான் வைத்தாக வேண்டும். ஓர் அடி ஃபிலிமில் 16 சட்டங்கள் (ஃப்ரேம்கள்). 50 அடிச் சுருள் என்றால் மொத்தமே 800 சட்டங்கள், ஒரு நிமிடத்துக்கும் குறைவு. சுற்ற ஆரம்பித்த பிறகு ஒரு குதிரை வேறு பக்கம் திரும்பினால் அது சட்டத்துக்கு வெளியே போய்விடும், அதைத் துரத்த அவகாசம் இல்லை. கப்பல்களோ தூரத்தில். கதவில் தள்ளுவதை எடுக்க வேண்டுமென்றால் கப்பலுக்குப் போயிருக்க வேண்டும், அங்கே போனால் கரை கிடைக்காது.

கேமரா நின்ற இடத்துக்கு வந்து சேர்ந்தவை பிழைத்தவை மட்டும்தான். மூழ்கியவை அந்தச் சட்டத்துக்குள் வர வழியே இல்லை. இதில் யாரும் எதையும் மறைக்கத் தேவையில்லை, முக்காலியை மணலில் ஊன்றிய அந்தக் கணத்திலேயே தேர்வு நடந்துவிட்டது.

இன்னொன்று. விலைப்பட்டியலில் விற்கக்கூடியது ரஃப் ரைடர்ஸ்தான், கோவேறு கழுதை கிடையாது. அப்படியும் கழுதை எடுத்திருக்கிறார் என்றால், கண் முன்னால் நடந்ததை எடுத்திருக்கிறார். அந்த வருடத்துப் போர்ப் படங்களைப் பார்த்தவர்களுக்கு இது எவ்வளவு அபூர்வம் என்று தெரியும்.

அடுத்த பத்து நாள்

ஜூன் 23-லிருந்து பக்கத்திலிருந்த சிபோனேயிலும் இறங்கினார்கள். 24-இல் லாஸ் குவாசிமாஸில் முதல் சண்டை, ஜூலை 1-இல் எல் கேனேயும் சான் ஹுவான் மேடுகளும். கரையிலிருந்து முன்னணிக்குப் போகும் பாதை மழையில் சேறானது. வண்டிகளில் பெரும்பகுதியைக் கப்பலில் ஏற்றவே இல்லை, ஏற்றியவற்றையும் பிரித்த நிலையில் இறக்கிச் சேர்த்து ஓட்ட நேரமாயிற்று, ஓட்டினால் அச்சு வரை புதைந்தது. நோயாளி வண்டி விரல் விட்டு எண்ணும் அளவுக்குத்தான் இருந்தது.

அந்த நாட்களில் படையை உயிரோடு வைத்தது பொதிக் கழுதைகள். தோட்டா, கடின பிஸ்கட், உப்புப் பன்றி, காப்பி, எல்லாம் முதுகில்தான் போனது. பொதி கட்டுவது சாதாரண வேலையில்லை, எடை இரு பக்கமும் சமமாக விழாவிட்டால் அரை மைலில் முதுகு புண்ணாகிவிடும். அதைத் தெரிந்தவர்கள் பெரும்பாலும் ராணுவத்துக்கு வெளியிலிருந்து கூலிக்கு வந்தவர்கள். மணி கட்டிய ஒரு பெண்குதிரையை முன்னால் விட்டால் கோவேறு கழுதைகள் வரிசை கலையாமல் அதன் பின்னாலேயே போகும் என்பது அவர்களின் பழைய வித்தை. பேலி இதையும் விடவில்லை, கழுதைகளின் மேல் தோட்டாப் பெட்டி கட்டுவதை ஒரு துண்டாக எடுத்திருக்கிறார்.

அத்தோடு அவர் கதை முடிகிறது. முன்னணிக்குப் போகிற முயற்சியில் மழையில் மாட்டிக்கொண்டார், ஈரத்தில் கேமரா வேலை செய்யவில்லை, காய்ச்சல் வேறு. ஊர் திரும்பிவிட்டார். படையிலும் அதே காய்ச்சல்தான் ஆளைத் தின்றது, இந்தப் போரில் குண்டில் செத்த அமெரிக்கர்களைவிட நோயில் செத்தவர்கள் பல மடங்கு. ஜூலை 17-இல் சாண்டியாகோ சரணடைந்தது.

நியூ ஜெர்சியில் முளைத்த குதிரைகள்

இப்போது என் வகுப்பில் நான் போட்ட அந்தத் துண்டுக்கு வருகிறேன். மேடுகளில் நடந்த சண்டையை எடுத்த படம் இல்லை. ஆனால் பார்க்க ஆள் இருந்தது. எடிசன் கம்பெனி 1899-இல் நியூ ஜெர்சியின் வெஸ்ட் ஆரஞ்சுப் பக்கம் உள்ளூர்ப் படையாட்களை வைத்து அதை எடுத்தது. பெயர் "எல் கேனேயில் ரஃப் ரைடர்ஸ் துணையுடன் அமெரிக்கக் காலாட்படை". விலைப்பட்டியல் விவரத்திலேயே ரஃப் ரைடர்ஸ் பேய் பிடித்தவர்கள் மாதிரி குதிரையில் பாய்கிறார்கள் என்று இருக்கிறது.

இதில் இரண்டு தவறு. ரஃப் ரைடர்ஸ் அன்றைக்கு எல் கேனேயில் இல்லை, சான் ஹுவான் பக்கம் இருந்தார்கள். அதோடு அவர்களில் சில அதிகாரிகளைத் தவிர ஒருவரிடமும் குதிரை இல்லை. குதிரைகள் டாம்பாவில் புல் தின்றுகொண்டிருந்தன. கப்பலில் இடமில்லாமல் இறக்கிவிடப்பட்ட குதிரைகள் ஒரு வருடம் கழித்துத் திரையில் ஏறிவிட்டன.

ஏன் அப்படி எடுத்தார்கள்? ஏமாற்ற வேண்டும் என்று உட்கார்ந்து திட்டமிட்டிருக்கத் தேவையில்லை. படையின் பெயரில் சவாரி இருக்கிறது, போஸ்டரில் குதிரை இருக்கிறது, சர்க்கஸிலும் மேடைக் காட்சியிலும் குதிரை இருக்கிறது. பார்க்க வருகிறவர் நடந்து போகும் ரஃப் ரைடரைப் பார்த்தால்தான் போலி என்று சந்தேகப்பட்டிருப்பார். நானே அந்தப் பாய்ச்சலைப் பார்த்துத்தானே நம்பினேன்.

பார்த்தவரும் பார்த்ததாகச் சொன்னவரும்

தேடும்போது எனக்கு ரொம்பத் தலைவலி கொடுத்த இடம் இது. ரூஸ்வெல்ட்டின் குதிரை மூழ்கியதைப் பற்றி இன்னும் விரிவான விவரிப்பு ஒன்று உண்டு. தூக்குப் பட்டையில் கட்டிக் குதிரையைக் கப்பலிலிருந்து இறக்குகிறார்கள், பெரிய அலை மேலே விழுந்து அது பட்டையிலேயே மூழ்குகிறது, அடுத்ததை ஜாக்கிரதையாக இறக்குகிறோம் என்று மாலுமிகள் காற்றிலேயே தொங்கவிட, ரூஸ்வெல்ட் கெட்ட வார்த்தையில் கத்துகிறார். படிக்கும்போது காட்சி கண்ணில் நிற்கிறது. ரூஸ்வெல்ட்டின் வரலாற்றை எழுதியவர்களும் இதை எடுத்தாண்டிருக்கிறார்கள்.

சொன்னவர் ஆல்பர்ட் ஸ்மித், விட்டகிராஃப் என்ற பழைய அமெரிக்கப் படக் கம்பெனியைத் தொடங்கியவர்களில் ஒருவர். தானும் பங்காளி ஸ்டூவர்ட் பிளாக்டனும் கேமராவோடு ரஃப் ரைடர்ஸ் கூடவே கியூபா போனதாக 1952-இல் வந்த தன் வரலாற்றில் எழுதினார். திரைப்பட வரலாற்றை ஆராய்ந்தவர்களில் பலர் இதைச் சந்தேகிக்கிறார்கள், அவர்கள் போனதற்கு அந்தக் காலத்து ஆதாரம் தேறவில்லை. அதே நூலில் சாண்டியாகோ கடற்போரை மேசை மேல் எடுத்த கதையையும் அவரே சொல்கிறார்: அட்டையில் வெட்டிய கப்பல் படங்கள், ஒரு தட்டுத் தண்ணீர், சிட்டிகை வெடிமருந்து, சுருட்டுப் புகை.

ஆக, இருந்தவர் விட்டுப்போனது ஒரு நிமிடக் கழுதைப் படம். இருந்தாரா என்றே தெரியாதவர் விட்டுப்போனது, எல்லாரும் மேற்கோள் காட்டுகிற காட்சி. ரூஸ்வெல்ட் கத்தவே இல்லை என்று நான் சொல்லவில்லை, கத்தக்கூடிய ஆள்தான். ஆனால் தூக்குப் பட்டையில் இறக்கினார்கள் என்பதும் எறிந்தார்கள் என்பதும் ஒன்றல்ல. இரண்டில் ஒன்றை எடுக்கச் சொன்னால் குதிரைக்குச் சொந்தக்காரர் மறு வருடமே எழுதிய அந்த வறண்ட இரண்டு வரியை எடுப்பேன்.

கழுதைப் படம் எப்படித் தப்பியது

நைட்ரேட் ஃபிலிம் எரியும், அழுகும், பொடியாகும். அந்தக் காலத்துச் சுருள்களில் பெரும்பாலானவை போய்விட்டன. இது பிழைத்தது ஒரு சட்ட ஓட்டையால். 1912 வரை அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டத்தில் நகரும் படம் என்ற வகையே இல்லை, புகைப்படம் உண்டு. அதனால் கம்பெனிகள் முழுப் படத்தையும் நீளமான காகித ரோலில் அச்சடித்து, "இதோ புகைப்படம்" என்று அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தில் கொடுத்தன. காகிதத்தைத் திரையில் ஓட்ட முடியாது. பல பத்தாண்டு அது அப்படியே கிடந்து, 1950-களில் ஒவ்வொரு சட்டமாக மறுபடி ஃபிலிமில் எடுத்து மீட்டார்கள். இப்படி மீண்டவை 3,000-க்கு மேல். நிஜக் கழுதையும் நடிப்புக் குதிரையும் அங்கே ஒரே தொகுப்பில், ஒரே மாதிரிச் சாம்பல் நிறத்தில் இருக்கின்றன. எது எது என்று காகிதம் சொல்லாது.

பின்விளைவும், நான் மாற்றிக்கொண்டதும்

போர் நடத்திய விதம் பற்றி விசாரிக்க அந்த செப்டம்பரிலேயே ஜனாதிபதி மெக்கின்லி ஒரு குழு போட்டார். வாடகைக் கப்பல் கேப்டனைக் கெஞ்சுகிற நிலை இனி வேண்டாம் என்று, ராணுவத்தின் பொருள், போக்குவரத்தைக் கவனிக்கும் குவார்ட்டர்மாஸ்டர் துறையின் கீழ் ராணுவத்துக்கென்றே கப்பல் சேவை உருவானது. ஃபிலிப்பைன்ஸுக்குப் படையும் விலங்கும் போக வேண்டிய தேவை அதற்குள் வந்துவிட்டது.

இதே நிகழ்வை மறுபடி நடத்தச் சொன்னால் மாற்றக்கூடிய முடிவு எது என்று யோசித்தால், குதிரைகளை விட்டுப்போனதை மாற்ற மாட்டேன். டாம்பாவில் கிளம்புவதற்கு முன் மிதவைகளைத் தேடியிருப்பேன், ஒப்பந்தத்தில் கரைக்குக் கிட்டே வருவதற்கு ஒரு வரி சேர்த்திருப்பேன். அது முடியாது என்றால் கரையில் முதல் படகிலேயே கொம்பு ஊதுகிறவரை இறக்கியிருப்பேன். மணி கட்டிய பெண்குதிரைகளையும் முதலில் கரையேற்றியிருப்பேன்.

படத்தைப் பொறுத்தவரை, இப்போது எந்தப் பழைய போர்த் துண்டைக் காட்டுவதற்கு முன்னும் கேமரா எங்கே நின்றிருக்க முடியும் என்று பார்க்கிறேன். நியூ ஜெர்சிப் படத்தில் கேமரா, சண்டை நடக்கும் பாதையின் நடுவிலேயே, யாரும் சுடாத ஓர் இடத்தில், கச்சிதமான கோணத்தில் இருக்கிறது. குதிரைவீரர்கள் அதை ஒட்டியே போகிறார்கள். அதை முதல் நாளே கவனித்திருக்க வேண்டும். கூடவே, அந்தப் படையின் கப்பல் கணக்கைப் பார்க்கிறேன். அதில் இல்லாத குதிரை திரையில் வந்தால் எங்கிருந்து வந்தது என்று கேட்க வேண்டும். அந்த மாணவர் செய்தது அவ்வளவுதான்.

சின்ன டெக்சாஸ் பற்றி மட்டும் ஒன்று பாக்கி. ஜூலை 1 அன்று ரூஸ்வெல்ட் அதன் மேல்தான் மேடேறினார், அவருடைய ஆட்கள் கூடவே ஓடினார்கள். உச்சிக்கு நாற்பது கஜம் இருக்கும்போது ஒரு கம்பி வேலி குறுக்கே வந்தது. இறங்கி, குதிரையை அவிழ்த்து விட்டுவிட்டு மீதியை நடந்து ஏறினார். அந்த மேட்டில் கேமரா இல்லை.